பெண் கலைஞர்கள் தங்களைப் பற்றித் தாங்களே பேசும் மேடை: செட்டிநாட்டு வீடொன்றில் அமைக்கும் முறை

காரைக்குடி, தேவகோட்டை, புதுவயல், கோட்டையூர் பக்கங்களில் பெண் கலைஞர்களுக்கு மேடைக்குக் குறைவில்லை. மாசி பிறந்துவிட்டால் அம்மன் கோயில் திருவிழாக்களில் கரகாட்டம், விடிய விடிய வள்ளி திருமணம் நாடகம், இடையிடையே ஆடல் பாடல். ஊரே கூடிப் பார்க்கிறது. கைப்பேசியில் பார்ப்பவர்கள் அதைவிட அதிகம். தன்னை எப்படிப் பார்க்க வேண்டும், என்ன பெயர் சொல்லி அழைக்க வேண்டும், எந்தப் படத்தை எடுக்கக் கூடாது என்று அந்தப் பெண்ணே சொல்வதற்குத்தான் இடம் இல்லை. ஒரு மாலைப்பொழுதாவது அந்த இடத்தை உண்டாக்க நினைக்கும் வாசகர் வட்டத்துக்கும் கல்லூரித் துறைக்கும் மகளிர் குழுவுக்கும் இதை எழுதுகிறோம். நான்கு கலைஞர்கள், 60 முதல் 80 பார்வையாளர்கள், இரண்டரை மணி நேரம் என்ற கணக்கில் எல்லாம் சொல்லப்பட்டிருக்கிறது.

இதைப் பாராட்டு விழாவாக மட்டும் மாற்றிவிடாதீர்கள். பொன்னாடை, கேடயம், தலைமையுரை, முன்னிலை, வாழ்த்துரை என்று போனால் கலைஞருக்குக் கடைசியில் ஏழு நிமிடம் மிஞ்சும். அதிலும் அவர் நன்றி சொல்லிவிட்டு உட்கார்ந்துவிடுவார். அழைப்பிதழில் கலைஞர்கள் பெயரும் நெறியாளர் பெயரும் மட்டும் இருக்கட்டும். ஊர்ப் பெரியவர்களை முன்வரிசையில் உட்காரவைத்து மரியாதை செய்யலாம். அவர்களிடம் மைக்கைக் கொடுக்க வேண்டியதில்லை.

நாளும் நேரமும்

தை முடிந்ததிலிருந்து ஆடி வரை நாடகக்காரர்களுக்கும் கரகாட்டக்காரர்களுக்கும் தேதிகள் நிறைந்திருக்கும். ராத்திரி பத்து மணிக்கு மேல் ஏறி, விடியற்காலை இறங்கி, வேனில் வீடு வந்து சேரும்போது காலை எட்டாகிவிடும். அந்த மாதங்களில் காலை 10 மணிக்குக் கருத்தரங்கம் என்று கூப்பிட்டால் வருகிறவர் தூக்கக் கண்ணோடுதான் வருவார், குரலும் கட்டியிருக்கும். புரட்டாசியும் மார்கழியும்தான் வசதி. ஐப்பசி, கார்த்திகையில் மழை முற்றத்தில் இறங்கிவிடும். புரட்டாசியிலும் மாலை இடிமழை உண்டு என்பதால் உள்ளே மாறி உட்கார இடம் பார்த்து வையுங்கள். மாலை 3.30க்குத் தொடங்கி 6க்குள் முடித்தால், பேருந்துகள் ஓடிக்கொண்டிருக்கும்போதே எல்லாரும் ஊர் திரும்பலாம்.

யாரை அழைப்பது, எப்படி அழைப்பது

நான்கு பேருக்கு மேல் வேண்டாம். ஐந்தாவது ஆள் சேர்ந்தால் ஒவ்வொருவருக்கும் நேரம் சுருங்கி, பேச்சு அறிமுகத்தோடு நின்றுவிடும். நாடகத்தில் ஸ்திரீபார்ட் (கதாநாயகி) அல்லது டான்ஸ் வேஷம் (பபூன் என்ற கோமாளியோடு ஆடிப் பேசும் பெண் வேடம்) கட்டுகிறவர் ஒருவர், கரகாட்டம் ஆடுகிறவர் ஒருவர், தாலாட்டோ ஒப்பாரியோ பாடும் மூத்த பெண் ஒருவர், பரதம் கற்பிப்பவரோ பட்டிமன்றத்தில் பேசுபவரோ ஒருவர் என்று கலந்து அழைக்கலாம். நால்வரில் ஒருவர் திருநங்கைக் கலைஞராக இருந்தால் ‘பெண் கலைஞர்’ என்ற அடையாளத்தைப் பற்றிய பேச்சு ஆழமாகப் போகும். மதுரையில் பிறந்து, தஞ்சை கிட்டப்பா பிள்ளையிடம் பயின்று, 2019இல் பத்மஸ்ரீ பெற்ற நர்த்தகி நடராஜ் நம் பக்கத்து முன்னுதாரணம். ஆனால் நீங்கள் அழைக்கும் திருநங்கைக் கலைஞரை மட்டும் ‘வாழ்க்கைப் போராட்டம்’ பேசவிட்டு மற்றவர்களிடம் கலையைக் கேட்பது அநியாயம். நால்வரிடமும் இரண்டையும் கேளுங்கள்.

கலைஞரிடம் நேரடியாகப் பேசுங்கள். கரகாட்டத்தில் செட்டு (குழு) தலைவர் வழியாகவும், நாடகத்தில் ஏஜென்ட் வழியாகவும்தான் தேதி பேசுவது வழக்கம். இந்த நிகழ்ச்சிக்கு அந்த வழியில் போனால் அவர் என்ன பேசலாம் என்பதை இன்னொருவர் முடிவு செய்வார். அதற்காகத் தலைவரைப் புறக்கணித்துவிடவும் கூடாது, அடுத்த தேதிக்கு அவர் தயவு வேண்டியிருக்கும். கலைஞரிடம் சம்மதம் வாங்கியபின், அவர் சரி என்றால் மட்டும், தலைவருக்கும் தகவல் சொல்லுங்கள். பேசும்போது வயதுக்கு ஏற்றபடி அக்கா, அம்மா, ஆச்சி என்று அழையுங்கள். ‘கரகாட்டக்காரி’ என்ற சொல்லை வாயிலும் நோட்டீஸிலும் தவிருங்கள். பிற்பகல் இரண்டு மணிக்குப் பிறகு தொலைபேசினால் எடுப்பார்கள்.

பணத்தை முதல் அழைப்பிலேயே சொல்லிவிட வேண்டும். ஒரு ராத்திரித் தேதிக்கு அவர் வாங்கும் தொகைதான் இங்கேயும் அளவுகோல். ‘பேசத்தானே கூப்பிடுகிறோம்’ என்று பாதியாக்காதீர்கள். ஆடுவதைவிட இது கனமான வேலை, ஏனென்றால் வேஷம் இல்லாமல் ஊர் முன்னால் உட்கார வேண்டும். மூத்த பாட்டுக்காரருக்கு ‘தேதி’ என்ற கணக்கே இருக்காது. அவருக்கும் மற்றவர்களுக்குக் கொடுக்கும் தொகையையே கொடுங்கள். கால்பங்கு முன்பணம், மீதி அன்று நிகழ்ச்சி தொடங்கும் முன் கையில். மேடையில் வைத்து உறை கொடுக்க வேண்டாம். வண்டிச் செலவு தனி. துணைக்கு ஒருவர் வருவார், அவருக்கும் பேருந்துக் காசும் சாப்பாடும் உண்டு என்று முதலிலேயே கணக்கில் எழுதிக்கொள்ளுங்கள்.

பெயரும் படமும்

நோட்டீஸ் அச்சடிக்கும் முன் ஒவ்வொருவரிடமும் மூன்று கேள்விகள் கேளுங்கள். எந்தப் பெயர் போட வேண்டும்? பெயருக்கு முன்னோ பின்னோ என்ன வர வேண்டும்? எந்தப் படம்?

நாடகப் பெயர் ஒன்று, ரேஷன் கார்டுப் பெயர் ஒன்று என்று இருப்பவர்கள் நிறையப் பேர். பிள்ளைகள் படிக்கும் பள்ளிக்கோ, பெண் கொடுத்த வீட்டுக்கோ மேடைப் பெயர் தெரியாமல் இருக்கலாம். இரண்டு பெயரையும் ஒரே நோட்டீஸில் போட்டால், அவர் பல ஆண்டுகளாகக் காத்துவந்த சுவர் ஒரே நாளில் விழுந்துவிடும். ஊர்ப் பெயரைச் சேர்ப்பதும் அப்படித்தான். சிவகங்கை மாவட்டத்துக் கொல்லங்குடி கருப்பாயிக்கு ஊர்ப் பெயர் பெருமையாக அமைந்தது. வயற்காட்டுப் பாட்டு வானொலிக்கும், 1985இல் வந்த ‘ஆண்பாவம்’ வழியாகத் திரைக்கும் போனபோது ஊரும் கூடவே போனது. அதே ஊர்ப் பெயர் இன்னொருவருக்கு வீட்டைக் காட்டிக்கொடுக்கும் அடையாளமாகலாம். அவர் சொல்வதுதான் முடிவு.

படத்திலும் வேஷம் கட்டிய படமா, வீட்டுச் சேலையில் எடுத்த படமா என்பது அவர் விருப்பம். இணையத்தில் தேடி எடுத்த படத்தைப் போடாதீர்கள். அது யாரோ கீழிருந்து எடுத்த கைப்பேசிப் படமாக இருக்கும். அச்சுப் பிரதியை வாட்ஸ்அப்பில் அனுப்பி, ‘சரி’ என்று பதில் வந்தபிறகே அச்சகத்துக்குக் கொடுங்கள். வாசிக்கப் பழகாதவருக்குத் தொலைபேசியில் வரிவரியாகப் படித்துக் காட்டுங்கள். பெயர் வரிசை அகர வரிசையில் இருந்தால் யார் முதல் என்ற மனத்தாங்கல் வராது.

வீடு

நகரத்தார் வீடுகள் இதற்கு நன்றாகப் பொருந்தும். முகப்பு, பட்டாலை (முன்கூடம்), வளவு (நடுமுற்றமும் அதைச் சுற்றிய பத்திகளும்), இரண்டாங்கட்டு (பின்முற்றப் பகுதி) என்று அடுக்கடுக்காக இடம் கிடைக்கிறது. நடைமுறைச் சிக்கல்கள் இரண்டு. ஒரே வீட்டுக்குப் பல புள்ளிகள் (குடும்பங்கள்) பங்குதாரர்களாக இருப்பார்கள். சாவி காவல்காரரிடம் இருக்கும், ஒருவர் சென்னையில், ஒருவர் மலேசியாவில். ஒரு பங்காளியிடம் மட்டும் கேட்டுவிட்டு ஏற்பாடு செய்தால், முதல் நாள் இன்னொருவர் தொலைபேசியில் மறுத்துவிடுவார். எல்லாரிடமும் எழுத்தில், ‘கரகாட்ட, நாடகக் கலைஞர்கள் பேசும் நிகழ்ச்சி’ என்று வெளிப்படையாகச் சொல்லிச் சம்மதம் வாங்குங்கள். ‘கலாச்சார நிகழ்ச்சி’ என்று மழுப்பி வாங்கிய சம்மதம் நிற்காது.

அடுத்தது வாசல். மேளக்காரரும் கூத்துக்காரரும் திண்ணையோடும் முகப்போடும் நின்றுகொண்ட காலம் நினைவில் இருக்கிற வீடுகள் இவை. கலைஞர்கள் முன்வாசல் வழியாகத்தான் உள்ளே வர வேண்டும். வேஷம் மாற்றும் அறை இரண்டாங்கட்டில், கழிப்பறைக்குப் பக்கத்தில் இருக்கட்டும். எல்லாருக்கும் ஒரே டம்ளர், ஒரே பந்தி. இதை வீட்டுக்காரரிடமும் சமையல்காரரிடமும் முன்கூட்டியே பேசிவிடுங்கள். அன்றைக்கு ஒருவருக்கு மட்டும் காகிதக் கோப்பை வந்தால், மேடையில் பேசும் சமத்துவம் எல்லாம் பொய்யாகிவிடும்.

வேஷ அறையை நீங்களே உள்ளே போய்ப் பாருங்கள். பழைய அறைகளில் நாதாங்கி வெளிப்பக்கம் மட்டும் இருக்கும். உட்பக்கம் தாழ்ப்பாள் இல்லையென்றால் ஆசாரியைக் கூப்பிட்டு 4 அங்குலத் தாழ்ப்பாள் ஒன்று போடச் சொல்லுங்கள், அரைமணி வேலை. மேல் ஜன்னலுக்குத் துணி கட்டுங்கள். முகம் பார்க்கும் கண்ணாடி, அதன் இருபுறமும் விளக்கு, சேலை மாட்ட ஆணி, ஊக்கு, நாப்கின், குடிக்க வெந்நீர். கழிப்பறையில் தண்ணீர் வருகிறதா என்று முந்தின நாளே திறந்து பாருங்கள். நீண்டநாள் பூட்டிக் கிடந்த வீட்டில் குழாய் அடைத்திருக்கும்.

ஒலி

இந்த வீடுகளில் நிகழ்ச்சி கெடுவது பெரும்பாலும் ஒலியால்தான். வழவழவென்ற சுண்ணாம்புப் பூச்சு, ஆத்தங்குடிக் கல் தரை, உயர்ந்த மேற்கூரை, கருங்கல் தூண் எல்லாம் ஒலியைத் திருப்பி அடிக்கும். பேச்சு ஒன்றின்மேல் ஒன்றாக விழுந்து, பின்வரிசைக்கு வெறும் இரைச்சலாகப் போகும். நாடகக் கலைஞர்கள் திறந்தவெளியில் நாலு தெருவுக்குக் கேட்கப் பாடிப் பழகியவர்கள். வளவுக்குள் அதே வீச்சில் பேசினால் இன்னும் குழம்பும்.

வளவின் நடுவில் நின்று ஓங்கி ஒரு கைதட்டுங்கள். ஒலி ஒரு விநாடிக்கு மேல் நின்றால் தரை முழுக்க ஜமக்காளம் விரியுங்கள். பேசுபவர்களுக்கு எதிர்ச்சுவரில் கனமான திரைச்சீலையோ போர்வையோ தொங்கவிடுங்கள். ஆட்கள் நிறைந்தால் எதிரொலி தானாகக் குறையும் என்பதால், காலி வீட்டில் செய்த சோதனையை மட்டும் நம்பி ஒலி அளவை முடிவு செய்துவிடாதீர்கள். 80 பேருக்கு 10 அல்லது 12 அங்குல ஸ்பீக்கர் இரண்டு போதும். கல்யாண வீட்டுக்கு வரும் பெரிய பேஸ் பெட்டிகளை இறக்கவே விடாதீர்கள். ஸ்பீக்கர்கள் தாங்கியில் ஐந்தரை அடி உயரத்தில், மைக்குகளுக்கு முன்னால், கூட்டத்தைப் பார்த்து நிற்க வேண்டும். பேசுபவருக்குப் பின்னால் வைத்தால் ‘ஊய்’ என்று கத்தும். மூலையில் வைத்தால் அடிக்குரல் மட்டும் உப்பிக்கொண்டு வரும். மிக்ஸரில் 100 ஹெர்ட்ஸுக்குக் கீழே வெட்டச் சொல்லுங்கள். எக்கோ குமிழைப் பூஜ்யத்தில் வையுங்கள். நம் ஊர் ரேடியோ செட்டுக்காரர்களுக்கு எக்கோ இல்லாவிட்டால் நிகழ்ச்சி மாதிரியே தோன்றாது, அதனால் நிகழ்ச்சி முடியும்வரை அவர் பக்கத்தில் ஒருவர் உட்கார்ந்திருக்கட்டும். பாட்டு வரும்போது கொஞ்சம் ஏற்றலாம்.

ஆளுக்கு ஒரு மைக், தாங்கியோடு. ஒரே மைக்கைக் கைமாற்றினால் பழகியவர் கையிலேயே தங்கிவிடும், கடைசியில் உட்கார்ந்த மூத்தவர் வாயே திறக்க மாட்டார். ஐந்தாவது மைக் நெறியாளருக்கு, ஆறாவது ஆர்மோனியத்துக்கு.

பழைய வயரிங்கை நம்பாதீர்கள். மின்பணியாளரை வைத்து எர்த் இருக்கிறதா என்று பார்க்கச் சொல்லுங்கள். எர்த் இல்லாத பிளக்கில் மாட்டினால் ஸ்பீக்கரில் ‘ம்ம்’ என்று ஓயாமல் இரையும், மைக்கைத் தொட்டால் சுருக்கென்று அடிக்கவும் கூடும். ஜெனரேட்டர் பின்தெருவில் நிற்கட்டும்.

உட்காரும் திசையும் முக்கியம். பிற்பகலில் மேற்கே பார்த்து உட்காருகிறவர் கண்ணில் வெயில் இறங்கும். கலைஞர்களைத் தெற்குப் பத்தியில் உட்காரவைத்தால் அவர்களுக்கு நிழல், பார்ப்பவர்களுக்கும் கண்கூசாது. நால்வருக்கும் ஒரே உயர நாற்காலி. தரையில் உட்கார்வதுதான் வசதி என்று மூத்தவர் சொன்னால், எல்லாரும் தரையில் ஜமக்காளத்தில்.

அனுமதி

வீட்டுக்குள் நடந்தாலும், ஒலிபெருக்கி வைப்பதால் காவல் நிலையத்தில் பத்து நாள் முன்பு கடிதம் கொடுத்து ஒப்புகை வாங்குங்கள். தேதி, நேரம், இடம், பொறுப்பாளர் பெயர், ‘ஆடல் பாடல் நிகழ்ச்சி அல்ல, கலைஞர்களுடன் கலந்துரையாடல்’ என்ற வரி ஆகியவை போதும். தெருவில் பிளக்ஸ் வைப்பதானால் உள்ளாட்சி அனுமதி தனி. கூம்புக் குழாய் கட்டாதீர்கள்.

கேள்விகள்

நெறியாளர் ஒரு பெண்ணாக இருந்தால் நல்லது. அந்தக் கலையை இரவு முழுக்க உட்கார்ந்து பார்த்தவராக இருந்தால் இன்னும் நல்லது. நிகழ்ச்சிக்கு ஒரு வாரம் முன்பு ஒவ்வொருவரையும் வீட்டில் போய்ப் பார்த்து ஒருமணி நேரம் பேசட்டும். எதைக் கேட்கக் கூடாது என்று தெரிந்துகொள்வதுதான் அந்தச் சந்திப்பின் முதல் வேலை.

‘இந்தத் தொழிலுக்கு எப்படி வந்தீங்க? என்னென்ன கஷ்டம் பட்டீங்க?’ என்று தொடங்கினால், எல்லாப் பேட்டியிலும் சொன்ன அதே சோகக் கதை ஒப்பித்தலாக வரும். கேட்பவர்கள் ‘ஐயோ பாவம்’ என்று கலைந்து போவார்கள். தொழிலின் நுட்பத்திலிருந்து தொடங்குங்கள். செம்பின் அடியை உட்பக்கமாகத் தட்டித் தலையில் படியவைப்பது எப்படி, உள்ளே அரிசியா மணலா, செம்பின்மேல் வைக்கும் அலங்காரக் கூட்டின் உச்சியில் சுழலும் கிளி நின்றுவிட்டால் என்ன செய்வது என்று கேட்டால், கரகம் ஆடுகிறவர் நிமிர்ந்து உட்காருவார். அவர் அறிந்தது நமக்குத் தெரியாது என்பது அந்த நிமிடத்தில் சபைக்குப் புரிந்துவிடும். அங்கிருந்து அடுத்த கேள்வி தானாக வரும்: ‘செம்பு தலையில இருக்கும்போது கண்ணு எங்க இருக்கும்? கூட்டத்துல யாரைப் பார்ப்பீங்க, யாரைப் பார்க்கவே மாட்டீங்க?’ பார்க்கப்படுவதைப் பற்றிய பேச்சு இப்படித்தான் திறக்கும்.

டான்ஸ் வேஷக்காரரிடம், ‘பபூன் பேசுற எந்த வசனத்தை நீங்க மறுத்திருக்கீங்க? மேடையிலேயே மறுத்தீங்களா, இறங்கினப்புறமா?’ என்று கேளுங்கள். சேலையில் ரூபாய் நோட்டுக் குத்த வருகிறவர்களை எப்படிச் சமாளிக்கிறார் என்று கேளுங்கள். அன்பளிப்பை ஆர்மோனியப் பெட்டிமேல் வைக்கச் சொல்லி அறிவிப்பது, தட்டு ஏந்திய ஆளை முன்னால் நிறுத்துவது என்று ஆளுக்கு ஒரு வழி வைத்திருப்பார்கள். அந்த வழிகள் பொதுவில் பேசப்படுவதே ஒரு செயல்பாடு. பாடுகிற ஆச்சியிடம், இழவு வீட்டில் யாருக்காகப் பாட மறுத்தார், எந்த வரியைத் தானே சேர்த்தார் என்று கேட்கலாம். ஒப்பாரியில் மருமகள் மாமியாரைக் கேள்வி கேட்க இடமிருக்கிறது, அண்ணன் கொடுக்காத சீரைச் சபையில் சொல்லிக்காட்ட இடமிருக்கிறது. அவர் அதை உரிமைப் பேச்சு என்று சொல்லாமல் இருக்கலாம். அந்தச் சொல்லை அவர் வாயில் திணிக்க வேண்டாம்.

நிகழ்ச்சியின் நடுவில் 15 நிமிடம் தர்க்கத்துக்கு (நாடகத்தில் வரும் வாதப்போட்டிக்கு) ஒதுக்குங்கள். இதுதான் எங்களுடைய முக்கியமான பரிந்துரை. நாடகாசிரியர் சங்கரதாஸ் சுவாமிகள் வழிவந்த வள்ளி திருமணத்தில் வள்ளியும் நாரதரும் மணிக்கணக்காக வாதாடுவார்கள். பாட்டும் விருத்தமும் உடனடி வசனமுமாக, எதிராளி எடுத்துக்கொடுக்கும் வார்த்தையை வைத்தே அவரை மடக்கும் வித்தை அது. இந்தப் பயிற்சி உள்ள பெண்ணை மேடையில் உட்காரவைத்து ‘உங்க உணர்வு என்ன?’ என்று மட்டும் கேட்பது வீண். ஆர்மோனியமும் மிருதங்கமும் ஒரு நாரதரும் ஏற்பாடு செய்து, ‘மேடை ஏறிய பெண்ணைப் படம் பிடிக்க யாருக்கு உரிமை?’ என்பது போல ஒரு தலைப்பு கொடுங்கள். எந்தக் கட்சி என்பதை அவர் தேர்ந்தெடுக்கட்டும். நாரதராக வருபவரிடம், தலைப்பை விட்டு அவருடைய வாழ்க்கைக்குள் போகக் கூடாது என்று முன்பே சொல்லிவிடுங்கள். சுருதிக் கட்டையை ஆர்மோனியக்காரர் பிற்பகலிலேயே கேட்டுச் சரிபார்க்கட்டும்.

நெறியாளர் கையில் இருக்க வேண்டிய வரலாறு

பேச்சு அரசியலுக்குத் திரும்பும்போது கைகொடுக்கச் சில செய்திகள் தெரிந்திருக்க வேண்டும். மதுரை கே. பி. ஜானகியம்மாள் நாடக மேடையில் பாடி நடித்தவர், விடுதலைப் போராட்டத்தில் சிறை சென்றவர், 1967இல் மதுரை கிழக்குத் தொகுதியிலிருந்து சட்டமன்றத்துக்குப் போனவர். கே. பி. சுந்தராம்பாள் காங்கிரஸ் மேடைகளில் பாடிச் சட்ட மேலவை வரை போனார். நாடகப் பெண் அரசியல் பேசுவது புதிதில்லை என்று காட்ட இந்த இரண்டு பெயர்களும் போதும்.

தேவதாசி ஒழிப்பைப் பற்றிய பேச்சு வந்தால் நிதானம் தேவை. 1886இல் புதுக்கோட்டையில் பிறந்த முத்துலட்சுமி ரெட்டி சட்டமன்றத்தில் அதற்காகப் போராடினார். அந்த மரபுக்குள்ளேயே வளர்ந்த மூவலூர் இராமாமிர்தம் அம்மையார் ஊர் ஊராகப் பேசினார். பொட்டுக்கட்டுவதை, அதாவது பெண்களைக் கோயிலுக்குத் தேவதாசியாக நேர்ந்துவிடுவதை, தடுக்கும் சட்டம் 1947இல் வந்தது. சிறுமிகளைக் காத்த அதே மாற்றம், பரம்பரையாக ஆடிவந்த பல பெண்களை மேடையிலிருந்து இறக்கியும் விட்டது. பரதக் கலைஞர் பாலசரஸ்வதி போன்றவர்கள் தங்கள் மரபுக்காக வாதாடியே நிற்க வேண்டியிருந்தது. இரண்டு பக்கமும் வலி உண்டு. சபையில் அந்த மரபின் வழிவந்தவர் ஒருவர் உட்கார்ந்திருக்கக்கூடும் என்பதை நினைவில் வைத்துப் பேசுங்கள். தீர்ப்புச் சொல்வது நெறியாளர் வேலையில்லை.

காரைக்குடிக்காரர்களுக்கு இன்னொன்று. அதே 1947இல் வந்த ‘நாம் இருவர்’ இங்கே தேவகோட்டை ரஸ்தாவில் இருந்த ஏவி.எம். ஸ்டுடியோவில் எடுத்தது. பாரதி பாட்டுக்குக் குமரி கமலா ஆட, குரல் டி. கே. பட்டம்மாளுடையது. ஒரு பெண்ணின் உருவமும் இன்னொரு பெண்ணின் குரலும் சேர்ந்து ஊரெங்கும் போயின. யார் தெரிந்தார், யார் கேட்டார் என்று அங்கிருந்து கேள்வி தொடங்கினால் பாடுகிறவரும் ஆடுகிறவரும் ஒருவரோடொருவர் பேசத் தொடங்குவார்கள்.

அன்றைய ஒழுங்கு

1.30க்குக் கலைஞர்கள் வந்து சேர்ந்தால், 2 மணிக்கு ஒலிச் சோதனை. பாடுவதற்கு முன் வயிறு நிறையச் சாப்பிட மாட்டார்கள். இட்லியோ வெள்ளைப் பணியாரமோ கொஞ்சம் கொடுத்துவிட்டு, முழுச் சாப்பாட்டை 6 மணிக்கு மேல் வையுங்கள். வரமிளகாய்ச் சட்னியைப் பாடுகிறவர் தட்டில் பிறகு போடலாம். 3.30க்கு நெறியாளர் ஐந்தே நிமிடத்தில் விதிகளைச் சொல்லித் தொடங்கட்டும். ஆளுக்கு 20 நிமிடம், இருவர் முடிந்ததும் தர்க்கம், பிறகு 15 நிமிடம் தேநீர், மற்ற இருவர், கடைசியில் 25 நிமிடம் சபையின் கேள்விகள்.

சபைக்கு மைக் கொடுக்காதீர்கள். தேநீர் நேரத்தில் துண்டுச் சீட்டும் பென்சிலும் கொடுத்துக் கேள்விகளை எழுதி வாங்குங்கள். இரண்டு பெண்கள் உட்கார்ந்து பிரிக்கட்டும். ‘வீட்டுக்காரர் எப்படி ஒத்துக்கிட்டார்?’, ‘எவ்வளவு சம்பாதிக்கிறீங்க?’, ‘ஒரு பாட்டுக்கு ஆடிக் காட்டுங்க’ என்று வருபவற்றை எடுத்து வைத்துவிடலாம். மைக் கொடுத்திருந்தால் இவை சபையில் ஒலித்த பிறகு திரும்பப் பெற முடியாது.

ஊர்ப் பெயர், விழாக் கமிட்டிப் பெயர் சொல்லாமல் பேசுவது என்று முன்பே கலைஞர்களோடு பேசி முடிவு செய்யுங்கள். பாக்கி வைத்த ஊரையோ குடித்துவிட்டு மேடை ஏறிய ஊரையோ பெயரோடு சொன்னால், சொன்னவருக்கு அடுத்த ஆண்டுத் தேதி போகும். சொல்லியே தீருவேன் என்று ஒருவர் துணிந்தால் அது அவர் உரிமை. பதிவில் அந்தப் பகுதி வேண்டுமா என்று மட்டும் மறுநாள் கேளுங்கள். யாராவது கண்கலங்கினால் கேமரா கீழே இறங்க வேண்டும், தண்ணீர் போக வேண்டும், பேச்சு அடுத்தவருக்குப் போக வேண்டும்.

கேமராவும் சம்மதமும்

பதிப்புரிமைச் சட்டம் 1957இன் 38, 38ஏ பிரிவுகளின்படி பாடுகிறவர், ஆடுகிறவர், நடிக்கிறவர் எல்லாருக்கும் தங்கள் நிகழ்த்துதலின் மேல் உரிமை உண்டு. உரையாற்றுகிறவரும் அந்தப் பட்டியலில் வருகிறார். அனுமதி இல்லாமல் பதிவு செய்து பரப்ப யாருக்கும் உரிமையில்லை. இந்தப் பாதுகாப்பு 50 ஆண்டுகள் நிற்கும். பெயர் குறிப்பிடப்பட வேண்டும் என்ற உரிமையை 38பி தருகிறது. இதைச் சபையில் அறிவித்துவிட்டுத் தொடங்கினால், கைப்பேசிகள் பாதி தானாகக் கீழே இறங்கும்.

சம்மதத் தாளில் ஐந்து வரிகள் தனித்தனியாக, ஒவ்வொன்றுக்கும் ‘ஆம்’, ‘இல்லை’ கட்டத்தோடு இருக்கட்டும்: புகைப்படம், ஒலிப்பதிவு, காணொளி, நேரலை, தலைப்பையும் முகப்புப் படத்தையும் என்னிடம் காட்டியபின் வெளியிடுவது. ஒரே கையெழுத்தில் எல்லாவற்றுக்கும் சம்மதம் வாங்குவது தவறு. ஒலிக்கு ஆம், முகத்துக்கு இல்லை என்பவர்கள் உண்டு. தாளை வாசித்துக் காட்டி, பிரதி ஒன்றை அவரிடமே கொடுங்கள். நேரலை வேண்டாம் என்பது எங்கள் உறுதியான கருத்து, வாய்தவறி வந்த ஒரு பெயரை அதில் வெட்ட முடியாது. ஒரே ஒரு கேமரா, உட்கார்ந்திருப்பவர் கண்மட்டத்தில், தாங்கியில். தரையிலிருந்து மேல்நோக்கி எடுக்கும் கோணம்தான் இணையத்தில் இவர்களை இழிவுபடுத்தும் காணொளிகளின் கோணம்.

வெளியிடும் முன் ஏழு நாள் அவகாசம். வெட்டச் சொன்னதை ஏன் என்று கேட்காமல் வெட்டுங்கள். யூடியூபில் கருத்துப் பெட்டியை மூடிவிட்டு ஏற்றுங்கள்.

மீறி யாராவது எடுத்துப் போட்டால், அந்த இணைப்பைக் குழுக்களில் பகிர்ந்து ‘புகார் செய்யுங்கள்’ என்று கேட்காதீர்கள், அதனால் பார்வைதான் கூடும். முதலில் முகவரி, கணக்கின் பெயர், தேதி தெரியும்படி ஸ்கிரீன்ஷாட் எடுத்துச் சேமியுங்கள். பிறகு அந்தத் தளத்திலேயே, பாதிக்கப்பட்டவர் பெயரில் புகார். ஆபாசமாகவோ உருமாற்றியோ வெளியிட்ட படமாக இருந்தால், தகவல் தொழில்நுட்ப விதிகள் 2021இன்படி புகார் வந்தபின் விதியில் சொன்ன குறுகிய கெடுவுக்குள் தளம் அதை நீக்கியாக வேண்டும். கூடவே தேசிய சைபர் குற்றப் புகார் இணையதளத்திலோ காவல் நிலையத்திலோ பதிவு செய்யுங்கள். உடனடி உதவிக்குப் பெண்கள் உதவி எண் 181. வேலையிடத்தில் நடந்த பாலியல் தொல்லையாக இருந்தால், பத்துப் பேருக்குக் குறைவான செட்டில் ஆடுகிறவருக்கும் 2013ஆம் ஆண்டுச் சட்டத்தின்படி மாவட்டத்தில் உள்ள உள்ளூர்க் குழு உண்டு. மூன்று மாதத்துக்குள் எழுத்தில் கொடுக்க வேண்டும், எழுத முடியாதவருக்கு எழுதித் தர உதவ வேண்டியது அவர்கள் கடமை. இந்த விவரங்களை அரைப்பக்கத் தாளாக அச்சடித்து நால்வர் கையிலும் கொடுங்கள்.

நிகழ்ச்சிக்குப் பிறகு

நாட்டுப்புறக் கலைஞர்கள் நல வாரியத்தில் பதியாதவர் இருந்தால், அன்றே விண்ணப்பத்தை நிரப்ப ஒருவரை உட்காரவையுங்கள். ஆதார், வங்கிப் புத்தகம், புகைப்படம் எடுத்துவரச் சொல்லி முந்தின வாரமே நினைவூட்டுங்கள். பல பெண்கள் பதியாமல் இருப்பதற்குக் காரணம், விண்ணப்பத்துக்கு அலைய ஆளில்லாததுதான்.

வாசலில் ஆட்டோ 6.45க்கு நிற்க வேண்டும். பேருந்து நிலையம்வரை ஒரு பெண் கூடப் போய் ஏற்றிவிட்டு வரட்டும், வீடு சேர்ந்ததும் ஒரு தொலைபேசி. வெட்டித் தொகுத்த பதிவைப் பத்து நாளில் பென் டிரைவில் போட்டு நால்வருக்கும் அனுப்புங்கள். இணைப்பை மட்டும் அனுப்பினால் ஒருநாள் அது காணாமல் போய்விடும். கூடவே நல்ல புகைப்படம் இரண்டு, 6க்கு 8 அளவில் அச்சிட்டு. அடுத்த நோட்டீஸுக்கு எந்தப் படம் என்று யாராவது கேட்டால் எடுத்துக் கொடுக்க அவரிடம் அது இருக்கும்.